பெருவயலின் நடுவே உன் அப்பாவின் காணி

இன்று மத்தியானம் டுசல்டோர்ஃபுக்கு வெளியே ஒரு கிழவரைக் குளிப்பாட்டி, உடுப்பு மாற்றிவிட்டு, அடுத்த வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தேன். வீடு வீடாகப் போய் முதியவர்களைப் பராமரிக்கிற வேலைதான் இன்னமும். வெக்கை தாங்காமல் காரின் கண்ணாடியை இறக்கியிருந்தேன். ஒரு வளைவில் திரும்பியதும் வயலில் அறுவடை நடந்துகொண்டிருந்தது. காற்று என் பக்கம் அடித்தது. தூசி அப்படியே உள்ளே வந்து கழுத்தில் ஒட்டிக்கொண்டது, உடனே கடிக்கத் தொடங்கியது. சொறிந்துகொண்டே காரை ஓரங்கட்டினேன். "சொறியாதை, கழுவு. சொறிஞ்சியெண்டால் படுக்கேலாது," என்று நீ சொன்னது காதுக்குப் பக்கத்தில் கேட்டது. அடுத்த வீட்டுக்குச் சொன்ன நேரம் பிந்துகிறது என்று தெரிந்தும் கொஞ்சநேரம் அங்கேயே இருந்துவிட்டேன்.

நீ சித்திரையில் போய்விட்டாய். உன் மகள் தொலைபேசி எடுத்துச் சொன்னாள், ரயில் பிடித்து வந்து மண் போட்டேன். அப்போது அழுகை வரவில்லை. இன்றைக்கு இந்தப் பாழாய்ப்போன தூசிக்கு வந்தது.

உன்னை நீ என்று எழுதுவதை என் ஊரில் மன்னிக்க மாட்டார்கள். நீ என்னைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது மூத்தவள். நீதான் முதல் கிழமையே, "நீங்கள் நாங்கள் எண்டு கதைக்கிறதை அலுவலகக்காரரோட வைச்சுக்கொள், என்னோட வேண்டாம்," என்று வெட்டிச் சொன்னாய். உன் ஜேர்மன் பேச்சு எப்போதும் என் காதில் எங்கள் ஊர்த் தமிழாகத்தான் விழுந்தது. அதில் பாதி தூஷணம். அதை விட்டுவிட்டு மீதியை எழுதுகிறேன்.

இரண்டு ஜேர்மனியும் ஒன்றாகிக் கொஞ்சக் காலம்தான் ஆகியிருந்தது. அகதியாக வந்த என்னை மக்டெபுர்க்குக்கு வடக்கே, பேருந்து எப்போதாவது வருகிற ஒரு கிராமத்துக்கு அனுப்பினார்கள். ஹைம் என்று நாங்கள் சொன்ன அந்த அகதி விடுதி, முன்பு கூட்டுப்பண்ணையின் கட்டடம். அறுவடைக் காலத்தில் வெளியூரிலிருந்து வருகிற உதவியாட்கள் தங்குகிற இடம். நீ அதே கூட்டுப்பண்ணையில் இருபது வருடத்துக்குக் கிட்ட அறுவடை மெசின் ஓட்டியவள். கிழக்கு ஜேர்மனி என்ற நாடு இல்லாமல் போனதும் பண்ணை கம்பனியாக மாறியது, ஆட்களைக் குறைத்தார்கள், முதலில் பெண்களைத்தான் வீட்டுக்கு அனுப்பினார்கள். வேலையில்லாதோர் அலுவலகம் உனக்குக் கொடுத்தது எங்கள் ஹைமைக் கூட்டித் துடைக்கிற வேலை.

"நான் அந்த மெசினில ராணி மாதிரி இருந்தனான். இப்ப உங்கட கக்கூசு கழுவுறன்," என்று என் முகத்துக்கு நேரே சொன்னாய். எனக்கு ஆத்திரம் வந்தது. நாங்களா உன்னை மெசினிலிருந்து இறக்கினோம்? வாளியைப் பறித்து நானே கழுவினேன். அடுத்த நாள் ஒரு போத்தல் செர்ரி ஜாம் கொண்டுவந்து என் கட்டிலில் வைத்தாய். மன்னிப்பு என்று ஒரு சொல் உன் வாயிலிருந்து வரவில்லை. நாங்கள் சிநேகிதிகளானது அந்தப் போத்தலோடுதான்.

பிறகு ஹைம் சமையலறையில் இருந்து உருளைக்கிழங்கு சீவிக்கொண்டே நீ சொன்ன அறுவடைக் கதைகளை நான் எத்தனை முறை கேட்டிருப்பேன். கண்ணுக்கு எல்லை தெரியாத வயல். ஐந்து மெசின்கள் ஒன்றுக்குப் பின்னால் ஒன்று, கொஞ்சம் கொஞ்சம் விலகி, படிக்கட்டு மாதிரி. முன்னால் போவது நீ. "முன்னால போறவள் கோடு பிழைச்சாளெண்டால் பின்னால வாற நாலு பேருக்கும் பிழைக்கும். அதால நான் பக்கத்தில பாக்கிறதே இல்லை, நேரா மட்டும்தான்," என்பாய். சாப்பாட்டு வண்டி வயலுக்கே வரும், அவரைச் சூப்பும் பாணும். அறுவடை முடியும்வரை பிள்ளைகள் காப்பகம் பொழுதுபட்டும் திறந்திருக்கும். கடைசி வயல் முடிந்ததும் கதிரில் ஒரு பெரிய கிரீடம் கட்டி, பாண்ட் வாத்தியத்தோடு ஊர் முழுக்கக் கொண்டு போவீர்கள். இதையெல்லாம் சொல்லும்போது உன் முகம் வேறு முகமாக இருக்கும். "அந்த வருசங்களில எனக்குத் தனிமை எண்டால் என்னெண்டே தெரியாது," என்று ஒருநாள் சொன்னாய். நான் யாருமில்லாமல் வந்து அந்த அறையில் கிடந்தவள். எனக்கு உன்மேல் பொறாமையாக இருந்தது.

அதே வாயால்தான் உன் அப்பாவின் கதையையும் சொன்னாய். அதற்கு நாளெடுத்தது. நீ பள்ளிக்கூடம் தொடங்கின வயதில், ஒரு வசந்தகாலம், காணியைக் கூட்டுப்பண்ணைக்கு எழுதிக் கொடுக்கச் சொல்லி ஊர் முழுக்க நெருக்கினார்கள். எழுதாத வீடுகளுக்கு முன்னால் ஒலிபெருக்கி பூட்டிய வாகனம் வந்து நிற்குமாம். உன் அப்பாவின் பெயரைச் சொல்லி, இவர் ஊருக்கு எதிரானவர், இவரால் எல்லோருக்கும் தடங்கல் என்று நாள் முழுக்கக் கத்துமாம். உள்ளே குசினியில் ஆட்கள் முறைவைத்து வந்து இருப்பார்கள். மரியாதையான ஆட்கள். ஒருத்தர் உன் பள்ளிக்கூட வாத்தியார். அம்மா எல்லோருக்கும் கோப்பி ஊற்றிக் கொடுத்தாராம், கோப்பி கிடைக்காத காலத்தில். கடைசியில் அப்பா கையெழுத்து வைத்தார். மாடுகளைப் பொதுத் தொழுவத்துக்குக் கொண்டுபோய்க் கட்டினார்கள். பின்னேரம் பால் கறக்கிற நேரத்துக்கு அவை அவிழ்த்துக்கொண்டு உங்கள் வீட்டு வாசல் படலைக்கு வந்து நின்றனவாம். அப்பா வெளியே வரவில்லை, நீதான் திருப்பிக் கொண்டுபோய் விட்டாய்.

அப்படிப்பட்ட மனிதரின் மகள் பதினெட்டு வயதில் அதே பண்ணையில் மெசின் ஓட்டப் போனாள். உனக்கு மெசின் பைத்தியம், வேறு காரணம் ஒன்றுமில்லை. உங்கள் காணியின் எல்லையில் நின்ற பேரி மரத்தைப் பிடுங்கி, வரம்பெல்லாம் அழித்து, எல்லாம் ஒரே வயலாக ஆக்கிய வருடம், மரம் நின்ற இடத்துக்கு மேலால் முதலில் ஓட்டிக்கொண்டு போனதும் நீதான். அன்று பின்னேரம் சாப்பாட்டு மேசையில் அப்பா கேட்டாராம், "இண்டைக்கு நல்ல நேராப் போச்சு, என்ன?" அவ்வளவுதான். "அது பாராட்டோ குத்தலோ எண்டு எனக்கு இண்டுவரைக்கும் தெரியாது," என்று சொல்லிவிட்டு நீ கத்தியைக் கழுவப் போய்விட்டாய்.

எனக்கு அப்போது உன்னை விளங்கவில்லை, ஒளிக்காமல் சொல்கிறேன். ஒன்றில் கூட்டுப்பண்ணை நல்லது, இல்லையென்றால் கெட்டது. இவள் என்ன இரண்டு பக்கமும் அழுகிறாள் என்று நினைத்தேன்.

நாடு மாறியதும் காணி உன் பெயருக்குத் திரும்பி வந்தது. வந்ததுதான், ஆனால் எங்கே? பெருவயலின் நட்டநடுவே ஒரு நீளத் துண்டு. வேலியில்லை, வரம்பில்லை, போகப் பாதையில்லை. இப்படிக் காணி கிடைத்த எல்லோருக்கும் ஊரில் ஒரு ஏற்பாடு இருந்தது. நடுவில் இருக்கிற உன் துண்டைக் கம்பனி உழும், அதற்குப் பதிலாக விளிம்பில் அதே அளவு துண்டு உனக்குத் தரும், உரித்து மட்டும் அவரவர் பெயரில் இருக்கும். எல்லோரும் சரியென்றார்கள். நீ மாட்டேன் என்றாய். "விளிம்பில கிடக்கிறது வேற ஆரின்ரையோ காணி. அப்பாவின்ர இதுதான்." கம்பனிக்கு விட்டிருந்த குத்தகையையும் முறித்தாய். அவர்கள் விதைக்க முந்தி, வெறும் வயலுக்குக் குறுக்கே இரவல் டிராக்டரில் போய், கறுப்புப் பாண் செய்கிற ரோக்கன் தானியத்தை விதைத்துவிட்டு வந்தாய். அவர்களும் சுற்றிவர ரோக்கன்தான் விதைத்தார்கள். உன் துண்டு தெரிவதற்கு நாங்கள் இரண்டு பேருமாகத் தடி நட்டு, என் பழைய சிவப்புச் சட்டையைக் கிழித்துக் கட்டினோம். உனக்கு அதில் ஒரு பெருமை. எனக்குக் குளிரில் விரல் விறைத்துப் போனது.

நீ இருபது வருடம் அந்த வயலில் வேலை செய்தவள், ஆனால் எப்போதும் மேலே மெசினில் இருந்து பார்த்தவள். ஆடி மாதத்தில் ரோக்கன் ஆளுயரத்துக்கு வரும் என்பதும், நீ நட்ட தடி உன் இடுப்பளவுதான் என்பதும் உனக்குத் தோன்றவேயில்லை.

கதிர் காய்ந்துவிட்டதா என்று பார்க்க இரண்டு பேரும் சைக்கிளில் போன நாள் எனக்கு அப்படியே இருக்கிறது. ரோட்டில் வரும்போதே நடுவயலில் மெசின் ஓடுவது தெரிந்தது. நீ சைக்கிளை எறிந்துவிட்டு ஓடினாய், நான் பின்னால். ஓட்டிக்கொண்டு வந்தது ஹோர்ஸ்ட், அந்தப் பழைய வரிசையில் உனக்கு அடுத்ததாக வருகிறவன். உன் துண்டில் பாதிக்கு மேல் முடித்திருந்தான். மெசினின் சில்லுக்கு அடியில் சிவப்புத் துணி நெரிந்து கிடந்ததைக் கண்ட பிறகுதான் அவனுக்கு விளங்கியது. இறங்கித் தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றான்.

"மன்னிச்சுக்கொள், சத்தியமா வேணுமெண்டு செய்யேல்லை. நான் எப்பவும் போல நேராப் போயிட்டன். இது ஒரே வயல்தானே... ஒரே வயலாத்தானே இருந்தது," என்றான்.

நீ அவனை அடிக்கப் போகிறாய் என்றுதான் நினைத்தேன். நீயோ அவனைத் தள்ளிவிட்டு ஏணியில் ஏறினாய். மிச்சத்தை நீயே வெட்டினாய், பக்கத்தில் பார்க்காமல், நேராக. ஹோர்ஸ்டும் நானும் தூசிக்குள் நின்றோம். இறங்கி வந்து, கழுத்தைப் பிறாண்டிக்கொண்டு நின்ற எனக்குச் சொறியாதை என்று புத்தி சொல்லிவிட்டு, சில்லோடு சாய்ந்து நிலத்தில் இருந்து அழுதாய். நீ அழுததை நான் கண்டது அந்த ஒருமுறைதான்.

"இவன் தெரியாமல் வெட்டினவன். அதுக்கே நடுங்கிக்கொண்டு மன்னிப்புக் கேக்கிறான். தெரிஞ்சுகொண்டு வாங்கினவங்கள் ஒருத்தனும் என்ர அப்பாட்டக் கேக்கேல்லை," என்றாய். பிறகு மூக்கைத் துடைத்துக்கொண்டு, "மனுசனை மனுசனாக் கேட்டிருந்தால் குடுத்திருப்பார். ரெண்டு வருசம் பிந்தியிருக்கும், அவ்வளவுதான். அவருக்கும் அந்தச் சூப்பு வண்டி பிடிச்சிருக்கும்," என்றாய்.

அந்தக் குளிர்காலத்துக்கு முன்பே நீயாகப் போய்த் துண்டைக் கம்பனிக்குத் திரும்பக் குத்தகைக்குக் கொடுத்தாய். எனக்கு உன்மேல் எரிச்சல். இவ்வளவு பாடுபட்டு நட்டு என்ன பிரயோசனம் என்று சண்டை பிடித்தேன். "இப்ப ஒருத்தரும் குசினியில வந்திருந்து கேக்கேல்லை. அதால குடுக்கிறன்," என்று சொல்லிவிட்டு நீ தரையைத் துடைத்தாய்.

பிறகு எனக்கு விசா கிடைத்தது, கலியாணம், டுசல்டோர்ஃப், பிள்ளைகள். வருடத்தில் ஒருதரம் வந்து பார்த்தேன், மற்றபடி தொலைபேசிதான். இந்த வருடம் நடந்ததை உனக்குச் சொல்ல வேண்டும் என்று எத்தனை நாள் தொலைபேசிக்குக் கை போனது. அதற்குள் நீ இல்லை.

வலிகாமம் வடக்கில் எங்கள் ஊர்க் காணி இராணுவத்தின் உயர்பாதுகாப்பு வலயத்துக்குள் அடைபட்டுக் கிடந்த கதை உனக்குத் தெரியும். அதை இப்போது திருப்பித் தந்துவிட்டார்கள். ஊரோடு இருக்கிற என் சின்னண்ணை போய்ப் பார்த்துப் படம் அனுப்பினார். வீடு இல்லை, வேலி இல்லை, எல்லைக் கல்லுக்கூட இல்லை. புல்டோசர் போட்டு வழித்துவிட்ட செம்மண், கண்ணுக்கெட்டியவரை ஒரே வெளி. படத்தைப் பார்த்ததும் எனக்கு உன் பெருவயல்தான் ஞாபகம் வந்தது. அண்ணையும் அங்கே காணியுள்ள பத்துப் பன்னிரண்டு குடும்பங்களும் கூடி ஒரு சங்கம் அமைத்தார்கள். எல்லை தேடி அடிபடாமல், எல்லாவற்றையும் ஒன்றாக உழுது, ஒரே பம்ப் வைத்து, வெங்காயமும் கிழங்கும் சேர்ந்து போடுவது, விளைவதைப் பிரித்து எடுப்பது. எவ்வளவு சந்தோசப்பட்டேன் தெரியுமா? முகாம்களில் கிடந்து நரைத்துப்போன சனம் திரும்ப ஒன்றாக மண்ணில் இறங்கப் போகிறது. என் பங்கையும் எழுது என்று உடனே சொன்னேன். நீ சொன்ன கதிர்க் கிரீடத்தைப் பற்றி அண்ணைக்கு ஒரு மணித்தியாலம் கதை சொன்னேன்.

ஒரே ஒருத்தர் மாட்டேன் என்றார். கமலாக்கா. எங்கள் பக்கத்துக் காணி, சின்னதில் என்னைத் தூக்கி வளர்த்தவர். புருசனை இடம்பெயர்ந்த இடத்திலேயே எரித்துவிட்டு, இப்போது தங்கச்சியின் வீட்டு வளவில் ஒரு கொட்டிலில் இருக்கிறார். நல்ல தண்ணிக் கிணறு அவருடைய காணியில்தான் மிஞ்சியிருந்தது, மற்றதெல்லாம் இடிபாடு போட்டு மூடியாகிவிட்டது. அந்தக் கிணறு இல்லையென்றால் குழாய் போட ஏலாது, மாரிக்கு முதல் போடாவிட்டால் இந்த வருடமும் போச்சு.

"நீ சொன்னால் கேப்பா. போன் எடுத்துக் கதை," என்றார் அண்ணை.

எடுத்துக் கதைத்தேன். நயமாகத்தான். எல்லோருக்கும் நல்லதுதானே அக்கா, உங்களுக்கும் பங்கு வரும்தானே அக்கா. அவர் ஓம் ஓம் என்று கேட்டுக்கொண்டிருப்பார், கடைசியில் முடியாது என்பார். திரும்ப எடுப்பேன். போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பொறுமை போய், "எல்லாரும் உங்களாலதான் நிக்கினம் அக்கா. உங்களால ஊர் வேலையே தொடங்கேலாமல் கிடக்கு," என்று சொல்லிவிட்டேன்.

"எடி பிள்ளை, நீயுமோ?" என்றார். "எனக்கு அந்தக் கிணத்தடியில நிண்டு பாத்தால்தான் என்ர குசினி எதில இருந்தது, அவர் எதில சாய்மனைக் கதிரை போட்டவர் எண்டு ஒரு மட்டுப் பிடிபடுது. அதையும் உழுதுபோட்டால் நான் எங்க போய் நிக்கிறது? இதைச் சொன்னால் ஒருத்தருக்கும் விளங்குதில்லை. ஒவ்வொரு நாளும் ஆரோ ஒராள் வந்து முத்தத்தில கதிரையைப் போட்டுக்கொண்டு இருக்கினம். நேற்று வந்தது எங்கட பழைய ரீச்சர். வாற ஆக்களுக்குத் தேத்தண்ணி குடுத்துக் குடுத்தே சீனி முடிஞ்சுபோச்சடி."

நான் தொலைபேசியை வைத்துவிட்டேன். வைக்கிறேன் என்றுகூடச் சொல்லாமல். என் குசினியில் நிற்க, உங்கள் குசினிதான் கண்ணுக்குள் வந்தது. உன் அம்மா ஊற்றிய கோப்பி, அந்த வாத்தியார், வெளியே கத்திய வாகனம். இவ்வளவு தூரத்திலிருந்து அந்த ஒலிபெருக்கியாக நானே இருந்திருக்கிறேன். அதுவும் அன்போடு, அக்கா அக்கா என்று.

அண்ணைக்கு எடுத்தேன். இனி ஒருத்தரும் அவவிட்டப் போகவேண்டாம், அவவின்ர துண்டை விட்டுவிட்டு உழுங்கோ, கிணற்றுக்கு என்ர பங்கில வெட்டிப் பாருங்கோ, அவவுக்குப் போய்வரப் பாதை விடுங்கோ என்றேன்.

"உனக்கென்ன விசரோ? உன்ர துண்டில உப்புத்தண்ணிதான் வரும். அங்க சொகுசா இருந்துகொண்டு எங்களுக்கு ஞாயம் கதைக்காதை. முப்பது வருசம் முகாமில கிடந்த சனத்துக்கு நீ வந்து பதில் சொல்லு," என்றார் அண்ணை. அவர் சொன்னதில் பொய் இல்லை. அதுதான் என்னைத் தின்கிறது. உன் சந்தோசமும் உண்மை, உன் அப்பாவின் கையெழுத்தும் உண்மை. நீ இரண்டையும் ஒரே மேசையில் வைத்துக்கொண்டு எப்படித்தான் அவ்வளவு காலம் சாப்பிட்டாய்? ஆனாலும் நான் விடவில்லை. ஆட்கள் இன்னும் அக்காவின் முற்றத்தில் போய் இருந்தால் என் பங்கை எடுத்துவிடுவேன் என்றேன். அண்ணை தொலைபேசியை வைத்துவிட்டார்.

பிறகு கமலாக்காவுக்கு எடுத்தேன். "அக்கா, இனி ஒருத்தரும் வரமாட்டினம். நானும் காணியைப் பற்றிக் கேக்கமாட்டன்," என்றேன்.

"அப்ப என்னத்துக்கு எடுத்தனி?"

"சும்மா கதைக்கத்தான்."

அவர் நம்பவில்லை. பிறகு, "சரி சொல்லு, இண்டைக்கு என்ன சமையல்?" என்றார்.

அது நடந்து ஒரு மாதமாகிறது. அண்ணை என்னோடு கதைப்பதில்லை. என் துண்டில் வெட்டிப் பார்த்தார்களாம், உப்புத்தான் என்று வேறு ஆள்மூலம் கேள்விப்பட்டேன். மாரி வரப் போகிறது, குழாய் இன்னும் போடவில்லை. கமலாக்காவும் நானும் ஞாயிற்றுக்கிழமைகளில் கதைக்கிறோம். முழங்கால் நோவு, மீன் விலை, என் பேரன் நடக்கத் தொடங்கியது, எல்லாம் கதைக்கிறோம். காணியைப் பற்றி அவர் ஒரு சொல்லும் சொல்வதில்லை. ஒவ்வொரு முறையும், கிணற்றைத் தருவீர்களா என்ற அந்தக் கேள்வி என் நாக்கு நுனிவரை வந்து நிற்கிறது, வாயைக் கடித்துக்கொண்டு வேறு ஏதாவது கேட்கிறேன். கேட்காமல் இருப்பது இவ்வளவு கஷ்டம் என்று நீ எனக்குச் சொல்லவேயில்லை.